துக்கம் ஈமானுக்குக் குறைவா?

கடையில் நஷ்டம் வந்தால் பேரேட்டில் எழுதி, ஆண்டு முடிவில் கழித்துவிடுகிறோம். உற்றாரை இழந்த துக்கத்தை எந்தப் பேரேட்டில் கழிப்பது? "சபூர் செய்யுங்கள், அழாதீர்கள்" என்று தேற்றுவோர் நம்மில் அதிகம். அழுவது ஈமானுக்குக் குறைவு என்றே பலர் எண்ணுகின்றனர்.

9-ஆம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த தத்துவ ஞானி அல்-கிந்தி, துக்கத்தைப் போக்கும் வழி குறித்துத் தனி நூலே எழுதினார். அதில் ஓர் உவமை உண்டு. கப்பல் பயணிகள் சிலர் வழியில் கரையிறங்கி, கல்லும் பூவும் வாரிச் சுமந்து திரும்புகின்றனர். பூ வாடுகிறது, கல் இடத்தை அடைக்கிறது, சுமந்தவர் நிம்மதி இழக்கின்றனர். அழியும் பொருளில் மனத்தைக் கட்டாதே என்பது அவர் தரும் மருந்து. சரக்கை இழந்தவனுக்கு அது நல்ல மருந்தே.

ஆனால், மனிதர் சரக்கல்லர். சுமார் கி.பி. 619-இல் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள், வணிகம் நடத்திய அன்னை கதீஜா (ரலி) அவர்களையும், வளர்த்து ஆதரித்த அபூதாலிபையும் இழந்தார்கள். அதனை வரலாறு 'துக்க ஆண்டு' என்கிறது. பின்னாளிலும் ஆடு அறுத்தால் அன்னையின் தோழியருக்கு இறைச்சி அனுப்பி வந்தார்கள். மகன் இப்ராஹீம் இறந்தபோது கண்ணீர் சிந்தினார்கள். மார்க்கம் தடுத்தது ஒப்பாரியையும் மாரடித்தலையுமே, கண்ணீரை அன்று.

ஆகவே, துக்கம் வேறு. நம்பிக்கை இழப்பது வேறு. பக்கத்துக் கடைக்காரர் துக்கத்தில் இருந்தால் அவரை அதட்டாமல், சற்று நேரம் உடனிருப்போம். மறைந்தவர் நேசித்தவர்களுக்கு நம்மால் இயன்றதைச் செய்வோம். அதுவும் சபூரே.