கேட்கப்படுவதன் பசி

மூலனூர்க்காரருக்கு வழக்கு என்றால் தாராபுரம் கோர்ட். மேய்ச்சலுக்கான கொறங்காட்டுக் கிளுவை வேலி ஒரு முழம் தள்ளிப்போயிருக்கும். வண்டித்தடத்தைப் பக்கத்துக் காட்டுக்காரர் அடைத்திருப்பார். கூட்டுக் கிணற்றில் தண்ணீர் முறை தகராறாகியிருக்கும். அப்புறம் வாய்தாதான். பஸ் ஏறிப் போய், பேர் கூப்பிடும்வரை வராந்தாவில் நின்று, அடுத்த தேதி வாங்கிக்கொண்டு வருவார்கள். வருசக்கணக்கில் நடந்த வழக்கில், நீதிபதி முன்னால் தன் வாயால் ஒரு வாக்கியத்தைக்கூட முழுசாகச் சொல்லாதவர்கள் உண்டு.

'விதி' (1984) படத்தின் வசனக் கேசட் டீக்கடைகளிலும் விசேஷ வீட்டு ஒலிபெருக்கிகளிலும் தமிழகமெங்கும் ஓடியது ஏன் என்பதற்கு இங்கே ஒரு விடை இருக்கிறது. காட்சியே வேண்டாம், கோர்ட்டில் பேசுவதைக் கேட்டால் போதும் என்று சனம் உட்கார்ந்தது. ஏமாற்றப்பட்ட பெண்ணுக்காகச் சுஜாதா வாதாட, எதிரே ஜெய்சங்கர். மூலம் 'நியாயம் காவாலி' என்ற தெலுங்குப் படம். தமிழ் வசனம் ஆரூர்தாஸ். 'பாசமலர்' எழுதியவர், நூற்றுக்கணக்கான மொழிமாற்றுப் படங்களுக்கும் எழுதியவர், 2022இல் மறைந்தார். பிறர் வாயசைவுக்குள் சொல்லை அடைத்துப் பழகிய கை அது. இங்கே அளவில்லாமல் பேசவிட்டது.

பிரான்சின் 'ஆங்க்ரெனாழ்' என்ற குற்ற வழக்குத் தொலைக்காட்சித் தொடரை 2005இல் தொடங்கிவைத்த அலெக்சாந்த்ரா கிளேர் வக்கீலாக இருந்தவர். நம் வசனகர்த்தாக்களில் பெரும்பாலோருக்கு அந்த அனுபவம் கிடையாது. அதனால்தான் நம் சினிமா நீதிபதி சுத்தியலைத் தட்டுகிறார், சாட்சி பகவத் கீதைமேல் சத்தியம் செய்கிறார். இரண்டும் நம் கோர்ட்டில் இல்லை. வக்கீல்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும், வசனகர்த்தாக்கள் எழுதியது சட்டத்தை அல்ல.

1952இல் கருணாநிதி வசனம் எழுதிய 'பராசக்தி'யில் கதாநாயகன் குணசேகரன் கூண்டில் நின்று நெடுநேரம் பேசுகிறான். அந்த வழக்கின் முடிவு என்ன என்று யாரையாவது கேட்டுப் பாருங்கள், யோசிப்பார்கள். பேச்சு மட்டும் மனப்பாடமாக வரும். மனிதன் கோர்ட்டுக்குக் கொண்டுபோவது ஒரு முழம் நிலம் மட்டுமல்ல. தன் தரப்பை இடைமறிக்காமல் யாராவது ஒருவர் கேட்கவேண்டும் என்ற பசியையும்தான். வென்றும் அது தீராமல் திரும்பியவர்கள், பத்திரம் கைக்கு வந்தபின்னும் சந்தையில் பார்க்கிறவரிடமெல்லாம் கேசை முதலிலிருந்து சொல்கிறார்கள்.

குணசேகரன் பேசியதற்குச் சட்டத்திலேயே இடம் இருந்தது. அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 342ஆம் பிரிவு, சாட்சியத்தில் தனக்கு எதிராக வந்ததற்கு விளக்கம் சொல்லக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு வாய்ப்புத் தந்தது. பிறகு அது 313 ஆயிற்று. 2024 ஜூலை முதல் புதிய சட்டத்தில் 351. நடைமுறையில் கேள்விகள் வரிசையாக வாசிக்கப்படும். பெரும்பாலும் ஒவ்வொன்றுக்கும் கூண்டில் நிற்பவரின் பதிலாகப் பதிவாவது ஒரே சொல்: 'பொய்'.