யார் கொடுத்த வரம்?

பெங்களூருவின் காக்ஸ் டவுன் மார்க்கெட்டுக்குப் பின்னால், ஓட்டு வீடும் மூன்று மாடிக் கட்டடமும் தோள் உரசி நிற்கும் ஒரு சந்தில் இருக்கிறது அந்த வீடு. ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் பெண் ஒருத்தி, கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் அல்சூர் ஏரியை வரைந்திருந்தாள். வெறும் பால்பாயிண்ட் பேனா. கரையோர மரத்தின் நிழல் தண்ணீரில் நடுங்குவதுகூட அதில் தெரிந்தது. பார்த்தவர்கள் எல்லாம் வியக்கவே, பாட்டி உப்பும் மிளகாயும் எடுத்து அவளுக்குச் சுற்றிப் போட்டார்.

"சாமி கொடுத்த வரம்பா இது. எங்க வம்சத்துல யாருக்கும் வராதது" என்றார் என்னிடம்.

"அப்போ டிராயிங் கிளாஸ்ல சேர்த்து விடலாமே பாட்டி?"

"வரமா வந்ததுக்குக் கிளாஸ் எதுக்குப்பா?"

அதே ஆண்டு அதே வீட்டில், அவள் அண்ணனின் பி.யூ.சி. கோச்சிங்குக்குக் கடன் வாங்கிப் பணம் கட்டினார்கள். கணக்கை யாரும் வரம் என்று சொல்லவில்லை. அதனால் கணக்குக்கு ஒரு வாத்தியார் கிடைத்தார். ஓவியத்தை வரம் என்றார்கள்; ஓவியத்துக்கு உப்பும் மிளகாயும் கிடைத்தன.

பாட்டி அந்தப் பெண்ணை நேசிக்கிறவர். அவர் மேல் குற்றம் இல்லை. அவர் வாயில் நாம் எல்லோரும் சேர்ந்து வைத்திருக்கும் அந்தச் சொல்லைத்தான் நான் விசாரிக்க விரும்புகிறேன்.

வரத்துக்குச் சாட்சியாக வழக்கமாக அழைக்கப்படுகிறவர்கள் ஐரோப்பாவின் பெரிய ஓவியர்கள். மைக்கலாஞ்சலோவை அவர் வாழ்ந்த காலத்திலேயே "தெய்வீகமானவர்" என்றார்கள். ஆனால் 1488இல், அவருக்குப் பதின்மூன்று வயதானபோது, கிர்லாந்தாயோ என்ற ஓவியரின் பட்டறையில் தொழில் பழகும் பையனாகச் சேர்க்க அவர் அப்பா ஒப்பந்தம் எழுதிக்கொடுத்தார். ரெம்பிராண்ட் தன் ஊரான லைடனில் ஒரு ஓவியரிடம் மூன்று ஆண்டுகள் கற்றார். பிறகு ஆம்ஸ்டர்டாமில் பீட்டர் லாஸ்ட்மனிடம் ஆறு மாதம். பின்னாளில் அவரே ஆசிரியரானபோது மாணவர்களிடம் கட்டணம் வாங்கித்தான் சொல்லிக்கொடுத்தார். வின்சென்ட் வான் கோ ஓவியனாவது என்று முடிவு செய்தபோது அவருக்கு வயது 27. சார்ல் பார்க் தொகுத்த ஓவியப் பயிற்சித் தாள்களை எடுத்து வைத்துக்கொண்டு, பள்ளிக்கூடப் பிள்ளை எழுத்துப் பழகுவதுபோல, திரும்பத் திரும்பப் பார்த்து வரைந்தார். 1890இல் இறப்பதற்குள், பத்தே ஆண்டுகளில், எண்ணெய் ஓவியங்கள் மட்டும் 860 அளவில் வரைந்து குவித்தார். இத்தனை உழைப்பையும் வரம் என்ற ஒரு சொல்லுக்குள் போட்டு மூடிவிட முடியுமா?

சில பிள்ளைகளுக்குச் சீக்கிரம் கை வருகிறது, சிலருக்கு வருவதில்லை. அதை நான் மறுக்கவில்லை. கண்ணும் விரலும் மூளையும் எல்லோருக்கும் ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை அல்ல. ஆனால் சீக்கிரம் வருகிற கைக்குத்தான் நல்ல ஆசிரியர் இன்னும் அவசரமாகத் தேவை. வேகமாக ஓடுகிற பிள்ளைக்குச் செருப்பு எதற்கு என்று எந்தத் தாயும் கேட்பதில்லை.

சரி, வரம்தான் என்றே வைத்துக்கொள்வோம். கடவுள் கொடுத்ததற்கு மனிதர்கள் ஏன் இத்தனை கதவுகளைச் சாத்தி வைத்தார்கள்?

லண்டனில் 1768இல் ராயல் அகாடமி தொடங்கியபோது, நிறுவிய உறுப்பினர்களில் இரண்டு பெண்கள் இருந்தார்கள்: ஏஞ்சலிகா காஃப்மன், மேரி மோசர். சில ஆண்டுகளில் அந்த உறுப்பினர்களைச் சேர்த்து யோகான் சொஃபானி ஒரு படம் வரைந்தார். பின்னாளில் இந்தியாவுக்கு வந்து லக்னோவில் இருந்து வரைந்த அதே சொஃபானிதான். ஆண்கள் எல்லோரும் உடையில்லாத ஆண் மாடலைச் சுற்றி நிற்கிறார்கள். இரண்டு பெண்களும் அந்த அறைக்குள் இல்லை. சுவரில் மாட்டிய இரண்டு உருவப்படங்களாகத் தொங்குகிறார்கள். மனித உடலைப் பார்த்துக் கற்க அவர்களுக்கு அனுமதி கிடையாது. அவர்களுக்குப் பிறகு ஒரு பெண் அங்கே முழு உறுப்பினராக 1936 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பாரீஸின் அரசு ஓவியப் பள்ளியோ 1897இல்தான் பெண்களைச் சேர்த்துக்கொண்டது.

ஆர்ட்டெமீசியா ஜென்டிலெஸ்கி என்ற ரோமாபுரிப் பெண்ணுக்குக் கதவு திறந்தது, அப்பா ஓவியராக இருந்ததால். அவளுக்குப் பாடம் சொல்ல அமர்த்தப்பட்டவனே அவளைப் பலாத்காரம் செய்தான். 1612இல் வழக்கு நடந்தது. அவள் சொல்வது உண்மையா என்று சோதிக்க, அவள் விரல்களில் கயிற்றைச் சுற்றி இறுக்கினார்கள். தூரிகை பிடிக்கிற விரல்கள்! அதன் பிறகும் அவள் வரைந்தாள். 1616இல் ஃபிளாரன்ஸ் ஓவியக் கழகத்தின் முதல் பெண் உறுப்பினரானாள். அந்த வெற்றியை வரத்தின் கணக்கில் எழுதுகிறவர்கள், அந்தக் கயிற்றை யார் கணக்கில் எழுதுவார்கள்?

நம் பக்கத்துக்கு வருவோம். ரவிவர்மா சிறுவனாகத் திருவனந்தபுரம் அரண்மனைக்கு வந்தார். 1868இல் அங்கே வந்த ஐரோப்பிய ஓவியர் தியடோர் ஜென்சன், எண்ணெய் வண்ணக் கலையை அவருக்கு மனம் திறந்து கற்றுத்தரவில்லை. தான் வரைவதைத் தள்ளி நின்று பார்க்க மட்டும் விட்டார். ரவிவர்மா பார்த்துப் பார்த்தே பழகினார். ஒளித்து வைக்க முடிகிறது என்றாலே அது தொழில் நுணுக்கம் என்றுதான் பொருள். வரத்தை யாரும் ஒளித்து வைக்க வேண்டியதில்லை.

அதே ரவிவர்மாவுக்கு ஒரு தங்கை இருந்தார், மங்களா பாயி. அவரும் ஓவியர். அண்ணனின் உருவத்தை அவர் வரைந்த படம் இன்றும் இருக்கிறது. ஒரே வீடு, ஒரே ரத்தம். தம்பி ராஜராஜ வர்மா அண்ணனோடு சேர்ந்து இந்தியா முழுக்கப் பயணம் செய்து வரைந்தார். தங்கை வீட்டோடு இருந்தார். ரவிவர்மாவின் லட்சுமியும் சரஸ்வதியும் காக்ஸ் டவுன் பூஜை அறைகள் வரைக்கும் வந்து சேர்ந்தார்கள். மங்களா பாயியின் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? வரம் கொடுத்த சாமி ஒரே வீட்டுக்குள் ஆண்பிள்ளைக்குச் சாலையையும் பெண்பிள்ளைக்கு வாசற்படியையும் கொடுத்ததா? நாம்தானே கொடுத்தோம்! நம் நாட்டில் அந்த வாசலுக்குச் சாதி என்ற தாழ்ப்பாளும் உண்டு. யார் எதைக் கற்கலாம் என்று பிறப்பை வைத்துப் பிரித்தவர்களும் "எல்லாம் அவன் கொடுத்தது" என்றுதான் சொன்னார்கள்.

வரத்தோடு கூடப் பிறந்த இன்னொரு மூடநம்பிக்கை உண்டு: கஷ்டம்தான் கலைஞனை உண்டாக்கும் என்பது. "வான் கோவைப் பார், பட்டினி கிடந்தான்" என்று பிள்ளைகளைப் பயமுறுத்துகிறவர்களும் அதைத்தான் சொல்கிறார்கள், உருகிப் போற்றுகிறவர்களும் அதைத்தான் சொல்கிறார்கள். உண்மை என்ன? வான் கோவுக்குத் தியோ என்றொரு தம்பி இருந்தார். பாரீஸில் ஓவிய வியாபார நிறுவனமொன்றில் சம்பள வேலை. அந்தச் சம்பளத்திலிருந்து அண்ணனின் வாடகை, சாப்பாடு, வண்ணக் குழாய் எல்லாவற்றுக்கும் ஆண்டுக்கணக்கில் பணம் அனுப்பினார். அண்ணன் இறந்த ஆறே மாதத்தில் தியோவும் இறந்தார். தியோவின் மனைவி யோகன்னா, கைக்குழந்தையோடும் யாரும் விரும்பாத நூற்றுக்கணக்கான படங்களோடும் நின்றார். தங்கும் விடுதி நடத்திப் பிழைத்தார். கண்காட்சிகளுக்கு ஏற்பாடு செய்தார். 1914இல் அண்ணன் தம்பி கடிதங்களைப் பதிப்பித்தார். உலகம் இன்று வான் கோ என்று சொல்வது, ஒரு தம்பியின் சம்பளத்தையும் ஒரு விதவையின் உழைப்பையும் சேர்த்துத்தான். துன்பம் அவரை உண்டாக்கவில்லை. துன்பம் அவரை 37 வயதில் கொன்றது.

பெங்களூருவிலேயே ஒரு ஐரோப்பிய ஓவியர் வாழ்ந்து மறைந்தார். ஸ்வெதஸ்லாவ் ரோரிக், 1904இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் பிறந்தவர். நடிகை தேவிகா ராணியை மணந்து, கனகபுரா சாலையில் தாதகுனி பண்ணையில் குடியிருந்தார். குமாரகிருபா சாலையில் உள்ள சித்ரகலா பரிஷத்தில் அவர் ஓவியங்களைப் பார்க்கலாம். அவர் அப்பா நிக்கோலஸ் ரோரிக் உலகறிந்த ஓவியர். வண்ணத்தின் வாசனையிலேயே வளர்ந்த பிள்ளை ஓவியரானதில் அதிசயம் ஒன்றுமில்லை. அந்த வாசனை இல்லாத வீட்டுப் பிள்ளைக்கு அதை யார் கொடுப்பது என்பதுதான் கேள்வி.

சென்னையில் கே.சி.எஸ். பணிக்கரும் அவர் மாணவர்களும் 1966இல் ஒரு பதில் சொன்னார்கள். எந்த மன்னரையும் எந்த வரத்தையும் எதிர்பார்க்காமல், பாத்திக் துணிகள் செய்து விற்ற பணத்தில் கடற்கரையோரம் நிலம் வாங்கிச் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை உண்டாக்கினார்கள்.

சித்திரத்தைக் கைப்பழக்கத்தில் சேர்த்தவர் நம் ஔவையார். நட்பையும் கொடையையும்தான் அவர் பிறவியோடு சேர்த்தார். அந்தப் பாட்டின் முதற்பாதியை நான் தலைவணங்கி ஏற்கிறேன். இரண்டாவது பாதியில் மட்டும் அந்தக் கிழவியோடு எனக்கு ஒரு வழக்கு உண்டு. கொடையும் பழக்கம்தான், அம்மா. தியோ அதை மாதாமாதம் பழகினார்.

அன்றைக்கு அந்தச் சந்தில் நான் பாட்டியோடு வாதாடிவிட்டு, வென்றவன்போல வீட்டுக்கு வந்தேன். கிளாஸ் கட்டணத்தில் பாதியை நான் தருகிறேன் என்ற ஒரு வார்த்தை என் வாயிலிருந்து வரவில்லை. வரம் என்று சொல்லிப் பாட்டி கைவிட்டதை, பகுத்தறிவு பேசி நானும் கைவிட்டேன். அந்தப் பெண்ணின் நோட்டுக்கு இரண்டும் ஒன்றுதான்.

இந்த மாதம் சம்பளம் வந்ததும் அந்தச் சந்துக்குப் போகிறேன். உங்கள் தெருவிலும் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் யாராவது வரைந்துகொண்டிருப்பார்கள். போய்ப் பாருங்கள். வரம் என்று மட்டும் சொல்லிவிட்டு வராதீர்கள்.