பிழைப்பும் அழைப்பும்

பிழைப்பதற்காக மனிதன் ஒரு தொழிலைச் செய்கிறான். தன் வாழ்வுக்குப் பொருள் தருவதென்று அவன் நம்பும் பணியோ பல வேளைகளில் வேறொன்றாக இருக்கிறது. இவ்விரண்டும் ஒன்றாகவே அமையப் பெற்றோர் பேறு பெற்றோர். நம்முள் பெரும்பாலோர்க்கு அப்பேறு வாய்ப்பதில்லை. பகலெல்லாம் கணக்கேடுகளோடு போராடிவிட்டு இரவில் கவிதை எழுதுபவரை அறிவோம். கடையில் துணி அளந்துவிட்டு மாலையில் பாடகர் குழுவுக்கு இசை கற்பிப்பவரையும் அறிவோம். இத்தகையோர் உள்ளத்தில் ஒரு கேள்வி ஓயாமல் எழுந்துகொண்டிருக்கும்: மனம் ஒன்றாத வேலைக்கு என் பகலை விற்று, அந்தப் பணத்தைக் கொண்டு மனம் ஒன்றிய பணியைச் செய்வது நேர்மையா? அல்லது இரு தலைவர்களுக்கு ஊழியம் செய்யும் இரட்டை வாழ்வா?

இக்கேள்வியை ஏட்டளவில் ஆராய்வதைவிட, அதைத் தம் வாழ்நாள் முழுவதும் சுமந்து நடந்த ஒரு கலைஞரின் வரலாற்றில் வைத்துப் பார்ப்பது பயன் தரும். அவர் அமெரிக்க நடிகரும் இயக்குநருமான ஜான் கசவெட்டிஸ். பெரும் படநிறுவனங்களைச் சாராத தனித்தியங்கும் திரைப்படத்துக்கு அமெரிக்காவில் வழி திறந்தவர்களுள் முதன்மையானவராக அவரைத் திரைப்பட வரலாற்றாசிரியர்கள் கருதுகின்றனர்.

1929ஆம் ஆண்டு டிசம்பர் 9ஆம் நாள், கிரேக்க வழிவந்த பெற்றோரின் மகனாக நியூயார்க்கில் அவர் பிறந்தார். நடிப்புக் கல்லூரியில் பயின்று, தொலைக்காட்சி நாடகங்களில் நடித்து ஓரளவு பெயர் பெற்றார். பின்னர் நியூயார்க்கில் ஒரு நடிப்புப் பட்டறையைத் தொடங்கினார். அங்குப் பிறந்த ஒரு சிறு நாடகப் பயிற்சியே அவருடைய முதல் திரைப்படத்துக்கு வித்தாயிற்று. 1957ஆம் ஆண்டு ஜீன் ஷெப்பர்ட் என்பவர் நடத்திவந்த இரவு வானொலி நிகழ்ச்சியில் கலந்துகொண்ட கசவெட்டிஸ், சாதாரண மக்களைப் பற்றிய படம் வேண்டுமென்று விரும்புவோர் ஆளுக்கு ஒன்றிரண்டு டாலர் அனுப்பினால் அதைத் தாம் எடுத்துத் தருவதாகச் சொன்னார். ஏறத்தாழ 2,000 டாலர் வந்து சேர்ந்தது. முகமறியாத மனிதர்கள் அனுப்பிய அச்சிறு தொகையோடு தொடங்கியதுதான் 'ஷேடோஸ்' என்னும் படம்.

கறுப்பினக் குடும்பமொன்றைச் சேர்ந்த மூன்று உடன்பிறந்தோரின் கதை அது. தங்கையின் நிறம் வெளிறியிருப்பதால் அவளை வெள்ளையினப் பெண்ணென்று எண்ணிக் காதலிக்கும் இளைஞன், அவளுடைய அண்ணனைக் கண்ட நொடியில் முகம் மாறுகிறான். இனவெறியைப் பற்றி ஒரு சொற்பொழிவும் அப்படத்தில் இல்லை. மாறிய அந்த முகமே போதுமானதாக இருக்கிறது. 1958இல் முதல் வடிவத்தைத் திரையிட்ட கசவெட்டிஸுக்கு அது நிறைவளிக்கவில்லை. பாராட்டியவர்கள் இருந்தும், அடுத்த ஆண்டு அதன் பெரும்பகுதியை மீண்டும் படமாக்கினார். 1960இல் வெனிஸ் திரைப்பட விழாவில் அது விமர்சகர் பரிசைப் பெற்றது.

அதன்பின் ஹாலிவுட் அவரை அழைத்தது. எந்த இளைஞனுக்கும் ஆசையூட்டும் அழைப்பு அது. 1961இல் ஒரு படம் செய்தார். 1963இல் 'எ சைல்ட் இஸ் வெய்ட்டிங்' என்ற படத்தை இயக்கினார். அறிவு வளர்ச்சி குன்றிய குழந்தைகளின் பள்ளியைப் பற்றிய படம் அது. பர்ட் லங்காஸ்டர், ஜூடி கார்லண்ட் போன்ற பெரிய நடிகர்களோடு, உண்மையிலேயே அத்தகைய நிலையிலிருந்த குழந்தைகளும் அதில் நடித்தனர். ஆனால் தயாரிப்பாளர் ஸ்டான்லி கிரேமருக்கும் அவருக்கும் கருத்து வேறுபாடு முற்றியது. படத்தொகுப்பு அவர் கையிலிருந்து எடுக்கப்பட்டது. வெளிவந்த வடிவத்தைத் தம்முடையதென்று அவர் ஏற்கவில்லை.

இந்நிகழ்ச்சிக்குப் பின் அவர் மேற்கொண்ட வாழ்க்கை முறையில் ஒரு நுட்பமான அறநெறி வேறுபாடு அடங்கியிருக்கிறது. இயக்குநராகத் தம்மை விற்றபோது, எது உண்மை என்று தீர்மானிக்கும் தம் தீர்ப்பையே விற்க நேர்ந்தது. நடிகராகத் தம்மை விற்றபோது அந்நிலை இல்லை. தம் முகத்தையும் குரலையும் சில வாரங்களுக்கு வாடகைக்குத் தந்தார். வேலை முடிந்ததும் அவற்றைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். ஆகவே பிறர் படங்களில் நடித்துப் பொருளீட்டுவது, அப்பொருளைக் கொண்டு தம் படங்களைத் தாமே எடுப்பது என்னும் வழியை அவர் தேர்ந்தார். 1967இல் வெளிவந்த 'தி டர்ட்டி டஸன்' என்னும் போர்ப்படத்தில் நடித்ததற்காக, சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிந்துரையும் அவருக்குக் கிடைத்தது.

அடுத்த ஆண்டு வெளிவந்த படம்தான் நம் கேள்வியைக் கூர்மையாக்குகிறது. ரோமன் போலன்ஸ்கி இயக்கிய 'ரோஸ்மேரீஸ் பேபி' என்னும் அப்படத்தை அன்று அமெரிக்கக் கத்தோலிக்கத் திரைப்பட அலுவலகம் கண்டனத்துக்குரிய படங்களின் வரிசையில் சேர்த்தது. அதில் கசவெட்டிஸ் ஏற்ற வேடம் ஒரு நடிகன். வாய்ப்பின்றித் தவிக்கும் அந்நடிகன், புகழுக்காக அலகையை வழிபடும் அண்டை வீட்டாரோடு மறைவாக ஒப்பந்தம் செய்துகொள்கிறான். அவன் தரும் விலை, ஏதுமறியாத அவனுடைய மனைவி. போட்டி நடிகன் திடீரெனப் பார்வையிழக்கிறான். இவனுக்கு வாய்ப்பு வருகிறது. மனைவியின் உடலும் தாய்மையும் அலகைக்கு ஒப்படைக்கப்படுகின்றன.

தம் கலைக்காகக் கூலிக்கு நடித்த ஒருவர், கலை வாழ்வுக்காக மனைவியையே விற்றவனாக நடித்தார். இந்த ஊதியம் தூய்மையானதா?

அறநெறி இறையியல் தீமையில் ஒத்துழைப்பதைப் பற்றிப் பேசும்போது ஒரு வேறுபாட்டை வலியுறுத்தும். பிறருடைய தீய நோக்கத்தைத் தனதாக்கிக்கொண்டு துணைபோவது ஒன்று. அந்நோக்கத்தில் பங்கின்றி வெளிச்செயலில் மட்டும் கைகொடுப்பது வேறொன்று. மேடையில் யூதாசாக நடிப்பவன் காட்டிக்கொடுத்தவன் ஆகிவிடுவதில்லை. தீமையை விரும்பத்தக்கதாகக் காட்டும் நடிப்பு உண்டு. அதன் அருவருப்பை உணரச் செய்யும் நடிப்பும் உண்டு. கசவெட்டிஸ் அந்தக் கணவனுக்கு இரக்கம் தேடித் தரவில்லை. மனைவியின் கண்களை நேராகப் பார்க்க இயலாத கோழையாகவே அவனைக் காட்டினார். ஆயினும், இதனால் எந்தக் கூலியும் தூய்மையானதே என்று பொது விதி வகுத்துக்கொள்ளலாகாது. அப்படத்தைக் கண்டித்தவர்களுக்கும் அவர்களுக்குரிய காரணங்கள் இருந்தன. நல்ல காரியத்துக்குச் செலவிடப் போகிறேன் என்பதனால் மட்டும் ஒரு வருமானம் நல்லதாகிவிடாது. வழியும் தன்னளவில் தாங்கத்தக்கதாக இருக்க வேண்டும்.

இவ்வாறு ஈட்டிய ஊதியம் எதை வாங்கித் தந்தது? காலத்தை வாங்கித் தந்தது. 'ஃபேஸஸ்' என்னும் படத்தை 1965இல் பெரும்பாலும் தம் சொந்த வீட்டிலேயே அவர் படமாக்கினார். 16 மில்லிமீட்டர் கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் எடுத்ததை ஆண்டுக்கணக்கில் தொகுத்து 1968இல் வெளியிட்டார். ஒரு மணவாழ்வு ஓர் இரவில் நொறுங்கும் கதை அது. மனைவியாக நடித்த லின் கார்லின் அதற்குமுன் திரைப்படங்களில் நடித்ததில்லை. அலுவலகச் செயலராக வேலை பார்த்தவர். அவருக்கும், உடன் நடித்த சீமோர் கேசலுக்கும், திரைக்கதைக்காகக் கசவெட்டிஸுக்கும் ஆஸ்கார் பரிந்துரைகள் வந்தன.

இதுவரை இவ்வரலாறு தனி மனிதனின் உறுதியைப் பற்றியதாகத் தோன்றலாம். ஆனால் அழைப்பின் விலையை அழைக்கப்பட்டவன் மட்டுமே செலுத்துவதில்லை என்பதே இதன் கடினமான பகுதி.

1954இல் கசவெட்டிஸ் மணந்துகொண்ட ஜெனா ரோலண்ட்ஸ் தாமே ஒரு பெரும் நடிகை. இக்காலப் பெண்கள் படும் துன்பங்களைப் பற்றித் தமக்காக ஒரு நாடகம் எழுதுமாறு கணவரைக் கேட்டவர் அவரே. எழுதப்பட்டதைப் படித்தபோது, இவ்வளவு துயரத்தை ஒவ்வோர் இரவும் மேடையில் தாங்க தம்மால் இயலாது என்று மறுத்துவிட்டார். கணவர் அம்மறுப்பை ஏற்று அதைத் திரைக்கதையாக மாற்றினார். 1974இல் வெளிவந்த 'எ வுமன் அண்டர் தி இன்ஃபுளூயன்ஸ்' இவ்வாறு பிறந்ததே. நகராட்சிக் கட்டுமானத் தொழிலாளி ஒருவனின் மனைவி மேபல். மூன்று குழந்தைகளின் தாய். அன்பு மிகுந்தவள், அந்த அன்பை எப்படிக் காட்டினால் பிறர் ஏற்பார்கள் என்று அறியாமல் தடுமாறுகிறவள். மனநோயாளி என்று அவளை மருத்துவமனைக்கு அனுப்பி, ஆறு மாதங்களுக்குப் பின் வீட்டுக்கு அழைத்துவருகிறார்கள். அவளை நேசிக்கும் கணவனே அவளைக் காயப்படுத்துகிறான்.

இப்படத்துக்குப் பணம் கொடுக்க எந்த நிறுவனமும் முன்வரவில்லை. கணவனாக நடித்த பீட்டர் ஃபாக் தம் சொந்தப் பணத்தில் 5,00,000 டாலர் தந்தார். கசவெட்டிஸ் வீட்டை அடமானம் வைத்தார். படப்பிடிப்புக் குழுவில் மாணவர்கள் பலர் இருந்தனர். கசவெட்டிஸின் தாயும் ரோலண்ட்ஸின் தாயும் படத்தில் நடித்தனர். முடிந்த படத்தை வாங்குவாரில்லாதபோது, திரையரங்குகளைத் தாங்களே நாடிச் சென்று வெளியிட்டார்கள். சிறந்த நடிகை, சிறந்த இயக்குநர் ஆகிய இரு பிரிவுகளிலும் அது ஆஸ்கார் பரிந்துரை பெற்றது.

வெற்றி வந்துவிட்டதால் அடமானம் நியாயமாகிவிட்டது என்று எண்ணுதல் தவறு. படம் தோற்றிருந்தால் என்ன ஆகியிருக்கும்? வீடு என்பது ஒருவனுடைய தனிச்சொத்தன்று. மனைவியும் பிள்ளைகளும் உறங்கும் இடம். உயர்ந்த நோக்கத்தின் பெயரால் குடும்பத்தை வறுமைக்குத் தள்ளிய மனிதர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. கலையின் பெயரால் மட்டுமன்று, கட்சியின் பெயராலும், ஏன், சமயத்தின் பெயராலும் அவ்வாறு செய்தோர் உண்டு. அவர்களுக்குப் பிறர் சிலை வைக்கலாம். பட்டினி கிடந்த பிள்ளைகளின் சாட்சியத்தை யாரும் கேட்பதில்லை.

இங்கேதான் திரையில் அவர் நடித்த கணவனுக்கும் வீட்டில் அவர் வாழ்ந்த கணவனுக்கும் உள்ள வேறுபாடு தெளிவாகிறது. அந்தக் கதையின் கணவன் மனைவி அறியாமல் அவளை விலையாக்கினான். ரோலண்ட்ஸ் அறிந்தவர், கேட்டவர், மறுத்தபோது மதிக்கப்பட்டவர், ஏற்றபோது அப்பணியின் நடுவில் நின்றவர். 'முடியாது' என்று சொல்ல உரிமையுள்ளவர் சொல்லும் 'சரி'க்கே அறநெறியில் மதிப்பு உண்டு. வேறு வழியின்றி மௌனமாக இருப்பதைச் சம்மதம் என்று எழுதிக்கொள்வது களவுக்கு ஒப்பாகும்.

புனித பவுல் கொரிந்து நகரில் அக்கிலா, பிரிஸ்கில்லா தம்பதியரோடு தங்கிக் கூடாரம் செய்யும் தொழிலில் ஈடுபட்டதை நாம் அறிவோம். தம் கையுழைப்பை அவர் இழிவாகக் கருதவில்லை. அதைத் தம் பணிக்குத் தடையாகவும் எண்ணவில்லை. அவர் திருமுகங்களிலிருந்து அதற்கு இரு காரணங்களை உணரலாம். அறிவிக்கும் செய்தி விலைபொருளாகிவிடக் கூடாது. அறிவிக்கிறவன் எவருக்கும் சுமையாகிவிடக் கூடாது. முதற்காரணம் உரிமையைக் காக்கிறது. இரண்டாவது அன்பைக் காக்கிறது. பிழைப்புக்கும் அழைப்புக்கும் இடையே வாழும் எவருக்கும் இவ்விரண்டும் நல்ல அளவுகோல்கள்.

முதல் அளவுகோலில் கசவெட்டிஸ் நேராக நின்றார். இரண்டாவதில் அவ்வாறு சொல்ல இயலாது. நண்பர்கள் பலர் ஊதியத்தை எதிர்பாராமல் அவருக்காக உழைத்தனர். நட்பு அதை விரும்பித் தந்தது என்பது உண்மை. எனினும் உழைத்தவனுக்கு உரியதைத் தருவது நட்பினால் நீங்கிவிடாத கடமை. மதுப்பழக்கமும் அவர் உடலைச் சிதைத்தது. 1984இல் 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' பெர்லின் விழாவின் தங்கக் கரடிப் பரிசை வென்றபோதே அவர் நோயுற்றிருந்தார். 1989 பிப்ரவரி 3ஆம் நாள், கல்லீரல் நோயால், 59ஆம் வயதில் இறந்தார். பிறருக்குத் தலைவணங்காத மனிதர் தம் உடலுக்கு இழைத்த தீங்கையும் சேர்த்தே அவருடைய உரிமை வாழ்வைக் கணக்கிட வேண்டும். அவரைப் புனிதராக்க வேண்டிய தேவை நமக்கில்லை. குறையுள்ள மனிதரிடமிருந்தே குறையுள்ள நாம் அதிகம் கற்கிறோம்.

ரோலண்ட்ஸ் கணவருக்குப் பின் முப்பத்தைந்து ஆண்டுகள் வாழ்ந்தார். 2015இல் அவருக்குச் சிறப்பு ஆஸ்கார் விருது வழங்கப்பட்டது. 2024 ஆகஸ்டில், 94ஆம் வயதில் மறைந்தார். யாரும் வாங்க முன்வராத அந்தப் படத்தை 1990இல் அமெரிக்க நாடு தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் பாதுகாப்புக்குரியதாகச் சேர்த்துக்கொண்டது. வானொலி நேயர்களின் சில்லறைக் காசில் தொடங்கிய 'ஷேடோஸ்' 1993இல் அதே பதிவேட்டில் இடம்பெற்றது.

நம் கேள்விக்குத் திரும்புவோம். மனம் ஒன்றாத வேலை செய்து பிழைப்பது இரட்டை வாழ்வா? வேலையை நேர்மையாகச் செய்து, தீர்ப்பை விற்காமல், ஈட்டியதை அழைப்புக்கென ஒதுக்குகிறவன் இரட்டை வாழ்வு வாழவில்லை. அவனுடைய பகலும் மாலையும் ஒரே திசையில்தான் செல்கின்றன. அவன் அஞ்ச வேண்டிய ஆபத்து அலுவலகத்தில் இல்லை, வீட்டில் இருக்கிறது. தான் மேற்கொண்ட உயர்ந்த பணிக்காகத் தன்னோடு வாழ்பவர்கள் எதை இழக்கிறார்கள் என்பதை அவன் அறிந்திருக்க வேண்டும். அவர்களிடம் கேட்டிருக்க வேண்டும். அவர்கள் 'முடியாது' என்றால், அதைக் கேட்டுத் தன் திட்டத்தை மாற்றிக்கொள்ளவும் அணியமாக இருக்க வேண்டும். இன்று மாலை பாடகர் குழுவுக்கோ எழுத்து மேசைக்கோ புறப்படுமுன், வீட்டில் இருப்பவரிடம் இதைக் கேட்டுவிட்டுச் செல்ல நமக்கு ஐந்து நிமிடம் போதும்.