கூப்பிடு தூரத்தில் ஒரு தகப்பன்



ஞானோபதேச வகுப்பிலே ஒருநாள், சர்வேசுரன் நமக்கெல்லாம் தகப்பன் என்று சொல்லிக் கொடுத்தேன். ஒரு சிறுவன் எழுந்து, "எங்க அப்பா மாதிரியா சாமி? அப்போ அவரும் பேசமாட்டாரா?" என்றான். மற்றப் பிள்ளைகள் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

நமது கொல்லிமலையிலே முன்னொரு காலத்தில் ஒரு பிள்ளை வளர்ந்தது. பெயர் பால் பிராண்ட். பிறந்த வருஷம் 1914. தகப்பனார் ஜெஸ்ஸி பிராண்ட், நம் சபையைச் சேராத ஆங்கிலேய மிஷனெரி. 1923-ல், ஒன்பது வயதிலே, பிள்ளையைச் சீமைக்குக் கொண்டுபோனார்கள். படிப்புக்காக அவனை அங்கே விட்டுவிட்டுப் பெற்றோர் மலைக்குத் திரும்பினார்கள். நடுவிலே பெருங்கடல். ஆயினும் தகப்பனார் கடிதம் எழுதினார். மலைக் காற்றையும் மரஞ்செடிகளையும் மகனுக்கு எழுதி அனுப்பினார். 1929 ஜூனில் கருநீர்க் காய்ச்சலால் இறந்துபோனார். சாவுச் செய்தி தந்தியில் முந்திச் சென்றது. அவர் எழுதிய கடிதம் கப்பலில் பிந்திச் சென்றது. தகப்பனை அடக்கம் செய்த பிறகும் அவருடைய அன்பு மகன் கைக்கு வந்து சேர்ந்தது. அந்த மகன் வைத்தியராகி, 1946-ல் இந்தியாவுக்குத் திரும்பி, வேலூரிலே தொழுநோயாளரின் மடங்கிய விரல்களை அறுவை செய்து நிமிர்த்தினார்.

தகப்பன்மாரே, அவர்கள் நடுவே கடல் இருந்தது. உங்களுக்கும் உங்கள் பிள்ளைக்கும் நடுவே ஒரு திண்ணைதானே இருக்கிறது? மிளகுக்கும் காப்பிக்கும் நீங்கள் படும் பாடெல்லாம் பிள்ளைக்காகத்தான். அது சர்வேசுரனுக்குத் தெரியும். பிள்ளைக்குத் தெரியுமா?

யோர்தான் நதிக்கரையை நினைத்துப் பாருங்கள். சேசுநாதர் அப்போது ஒரு புதுமையும் செய்திருக்கவில்லை. ஆயினும் அவர் தமக்குப் பிரியமான குமாரன் என்று பிதாவானவர் எல்லாரும் கேட்கச் சொன்னார். நாமோ, பரீட்சையில் தேறட்டும், பிறகு மெச்சலாம் என்கிறோம். மெச்சினால் கெட்டுப்போவான் என்றும் பயப்படுகிறோம்.

பிள்ளைகளே, அப்பா பேசாதது உங்கள் குற்றமல்ல. அவருடைய தகப்பனும் அவரோடு பேசாதிருந்திருக்கலாம். நீங்களே முதலில் ஒரு வார்த்தை பேசிப் பாருங்கள்.

பெற்றோரே, இன்றிரவு செபமாலை முடிந்ததும் பிள்ளையின் நெற்றியிலே சிலுவை வரையுங்கள். பெயர் சொல்லிக் கூப்பிட்டு, இன்றைக்கு என்ன நடந்தது என்று கேளுங்கள். கேட்டுவிட்டு, அவன் சொல்லி முடிக்கும்வரை காத்திருங்கள். அந்தச் சிறுவனின் கேள்விக்கு வகுப்பிலே நான் சொன்னது பாதிப் பதில்தான். மீதியை அவனவன் வீட்டில்தான் கேட்கவேண்டும்.

சர்வேசுரன் உங்கள் குடும்பங்களை ஆசீர்வதிப்பாராக.

உங்கள் பங்குக் குரு