நினைவை மீட்கும் ஒளி

மாயக் கதைகளில் ஒரு வித்தை உண்டு. நினைவை இழந்தவன் எதிரே மந்திரவாதி ஓர் ஒளியை ஏந்துவான். அவ்வொளி நெற்றியில் பட்டதும் மறந்துபோன முகங்களும் பெயர்களும் ஒவ்வொன்றாய்த் திரும்பி வரும். கேட்பதற்கு இனிய கற்பனைதான். ஆயினும் அதனுள் ஓர் அறவினா அடங்கியிருக்கிறது. நினைவு மீண்டால் நேர்மையும் உடன் வந்துவிடுமா?

மறதி என்பது கற்பலகையில் எழுதியதை ஈரத்துணியால் துடைப்பது போன்றது என்றே பலரும் எண்ணுவர். உண்மை வேறாகவும் இருக்கலாம் என்பதை அறிவியல் காட்டியுள்ளது. 1987-இல் மருத்துவத்திற்கான நோபல் பரிசு பெற்ற சுசுமு தொனெகாவாவின் குழுவினர், அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் நிகழ்த்திய ஆய்வொன்றை 2015-இல் வெளியிட்டனர். ஓர் அறையில் மின்னதிர்ச்சி பெற்ற எலிகளுக்கு, அந்நினைவு மூளையில் நிலைபெறாதவாறு உடனே மருந்து செலுத்தப்பட்டது. மறுநாள் அதே அறையில் விட்டபோது, அவை நடந்ததை மறந்தனபோல் அச்சம் குறைந்து காணப்பட்டன. எனினும், அந்நிகழ்ச்சியின்போது இயங்கிய மூளை உயிரணுக்கள் ஒளியால் தூண்டப்படும் வண்ணம் மரபணு முறையில் மாற்றப்பட்டிருந்தன. மெல்லிய இழைவழியே அவற்றின்மீது நீல ஒளியைப் பாய்ச்சியதும் எலிகள் பழைய அச்சத்தால் அசையாது நின்றன. நினைவு அழியவில்லை, அதனை அடையும் வழியே அடைபட்டிருந்தது.

இதைக் கேட்டு மகிழ்வோர் மற்றோர் ஆய்வையும் அறிதல் வேண்டும். அதே குழுவினர் 2013-இல் வெளியிட்டது அது. முதற்பெட்டியில் எலிக்கு எத்தீங்கும் நேரவில்லை. இரண்டாம் பெட்டியில் மின்னதிர்ச்சி கொடுக்கும்போது முதற்பெட்டியின் நினைவை ஒளியால் எழுப்பினர். பின்னர் அவ்வெலி, தீங்கே நேராத முதற்பெட்டியைக் கண்டு அஞ்சியது. மறந்ததை மீட்க வல்ல ஒளி, நடவாததையும் நினைவாக நாட்ட வல்லது. ஆகவே, உள்ளத்தில் தெளிவாகத் தோன்றுவது ஒன்றே உண்மைக்குச் சான்றாகாது. பிறர் சொல்லும் சான்றும் வேண்டும்.

வந்த நினைவு மெய்யானதே என்று கொள்வோம். அப்போதும் வினா தீரவில்லை. துஷ்யந்தன் கதை இதனை நன்கு விளக்கும். காளிதாசரின் சாகுந்தலத்தை மறைமலையடிகள் தமிழாக்கியதால் தமிழ் மாணவர்க்கும் அது பழகிய கதையே. அங்கே ஒளியின் வேலையைக் கணையாழி செய்கிறது. துர்வாசரின் சாபத்தால் மன்னன் மனைவியை மறக்கிறான். மீனவன் கண்டெடுத்த கணையாழியைப் பார்த்ததும் எல்லாம் நினைவுக்கு வருகிறது. வந்தது மகிழ்ச்சியன்று, தாங்கொணாத் துயரம். வசந்த விழாவையே அவன் தடுத்து நிறுத்தினான். தன் மறதிக்குச் சாபமே காரணம் என்பதை அவன் அறிவது நாடகத்தின் இறுதியில்தான். அதுவரை, பழி தன்னுடையதே என்று ஏற்று வருந்தினான். அவனது பெருமை நினைவு மீண்டதில் இல்லை. மீண்ட நினைவுக்குப் பொறுப்பேற்றதில் இருக்கிறது.

இக்கதைக்கு மூலமான மகாபாரதத்திலோ சாபமும் இல்லை, கணையாழியும் இல்லை. மகனோடு அவைக்கு வந்த சகுந்தலையை மன்னன் நன்கு அறிந்தே, அறியேன் என்கிறான். வானிலிருந்து எழுந்த குரல் உண்மையை உரைத்த பின்னரே ஏற்கிறான். உலகம் மைந்தனின் பிறப்பை ஐயுறக் கூடாது என்பதற்காகவே அவ்வாறு செய்ததாகக் காரணமும் கூறுகிறான். அரசனுக்கு அது நியாயமாகத் தோன்றலாம். ஆனால், அவ்வளவு நேரம் அவை நடுவே இழிசொல் கேட்டு நின்றவள் யார்? அவன் பெயரைக் காக்க அவள் விலை கொடுக்க வேண்டுமா?

இவ்விரு துஷ்யந்தருள் எவனுக்கு மந்திர ஒளி உதவும்? முன்னவனுக்கே உதவும். பின்னவன் எதையும் இழக்கவில்லை, மறைத்தான். இழந்ததை ஒளி மீட்கலாம். மறைத்ததை மறைத்தவனே வெளியிடல் வேண்டும்.

வகுப்பறையிலும் இவ்வேறுபாடு உண்டு. “மறந்துவிட்டேன், ஐயா” என்னும் சொல்லை ஆசிரியர் நாள்தோறும் கேட்கிறார். பாடத்தை உண்மையில் மறந்த மாணவனுக்குச் சிறு குறிப்பொன்று போதும். முகம் மலர்ந்து விடை சொல்வான். செய்த குற்றத்தை மறந்ததாகச் சொல்பவனுக்கோ எத்தனை குறிப்பும் பயன்படாது. அவனுக்கு வேண்டுவது துணிவு. உண்மையைச் சொன்னாலும் தன்னை வெறுத்து ஒதுக்கமாட்டார் என்னும் நம்பிக்கையை ஆசிரியர் அளித்தாலன்றி அத்துணிவு பிறவாது.

பெரியோர் நிலையும் இதுவே. கடன்பட்டவனும் வாக்களித்தவனும் உதவி பெற்றவனும் மறதியின் பின்னே ஒளிந்துகொள்வது உலக வழக்கம். மறந்தவர்களால் உலகில் துன்புற்றோர் சிலர். மறந்ததாக நடித்தவர்களால் துன்புற்றோர் பலர். நாளை மனித மூளைக்கும் ஓர் ஒளி கண்டுபிடிக்கப்படலாம். நோயால் பெற்ற பிள்ளையின் பெயரையே மறந்த முதியோருக்கு அது வாழ்வளிக்குமாயின் வரவேற்கத் தக்கதே. ஆயினும் “நினைவிருக்கிறது, செய்தவன் நானே” என்று எழுந்து சொல்லும் நாவை எந்த ஒளியாலும் அசைக்க இயலாது.