இரவல் குரல்

நடிப்பு என்பது இன்னொருவராக மாறுவது என்றால், யார் யாராக மாறலாம் என்பதை முடிவு செய்வது யார்? இந்தக் கேள்வியை எமி ஜாக்சனை முன்வைத்துக் கேட்க விரும்புகிறேன். ஆண்டாளையும் ஔவையையும் பாடம் நடத்துகிறவள் வணிக சினிமாவின் ஒரு கதாநாயகிக்கு ஏன் கட்டுரை எழுத வேண்டும் என்று தோழிகள் சிலர் முகம் சுளிக்கலாம். என் மாணவிகள் பள்ளிப் பருவத்தில் பார்த்து வளர்ந்த முகம் அது. அந்தக் காரணமே எனக்குப் போதும்.

மான் தீவில் பிறந்து லிவர்பூலில் வளர்ந்தவர் எமி. அழகிப் போட்டிகள் வழியாக மாடலானவர். அதற்கு முன் எந்தப் படத்திலும் நடித்திராத அவர், ஏ. எல். விஜய் இயக்கிய ‘மதராசப்பட்டினம்’ படத்தில் 2010இல் அறிமுகமானார். வெள்ளைக்கார கவர்னரின் மகள் சலவைத் தொழில் செய்யும் இளைஞனைக் காதலிக்கிறாள். பின்புலத்தில் விடுதலைக்கு முந்தைய சென்னை. அந்தப் படத்தில் அவர் வெள்ளைக்காரியாகவே வந்தார். தமிழ் தெரியாததுதான் அந்தப் பாத்திரம். அதில் எனக்கு ஒரு புகாரும் இல்லை.

புகார் அதற்குப் பிறகுதான். 2015இல் வெளிவந்த ஷங்கரின் ‘ஐ’ படத்தில் அவர் தியா, புகழ்பெற்ற சென்னை மாடல். 2016இல் அட்லீயின் ‘தெறி’யில் ஆனி, கேரளத்துப் பள்ளி ஆசிரியை. 2018இல் ‘2.0’வில் நிலா என்ற இயந்திரப் பெண். நடுவில் அமெரிக்கத் தொலைக்காட்சியின் ‘சூப்பர்கேர்ள்’ தொடருக்குப் போனார். 2024இல் மறுபடியும் விஜய் இயக்கத்தில் ‘மிஷன் சாப்டர் 1’. அதில் லண்டன் சிறை அதிகாரி. வேடிக்கையாகச் சொன்னால், இந்த வரிசையில் கவர்னர் மகளுக்கு அடுத்தபடியாக நேர்மையான வேடம் நிலாதான். இயந்திரத்துக்குத் தாய்மொழி கிடையாது.

ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர்தான். இரண்டு பக்கமிருந்தும் எங்கள் கல்லூரிக்குப் பெண்கள் வருகிறார்கள். மில் வேலைக்குப் போகிறவர்களின் மகள்கள், சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி நெய்கிறவர்களின் மகள்கள். சினிமாவில் பெண் சித்திரிப்பு பற்றி ஒருநாள் வகுப்பில் பேசிக்கொண்டிருந்தபோது ஒருத்தி எழுந்து சொன்னாள்: “தமிழ்ப் பொண்ணா நடிக்க வெள்ளைக்காரி வரலாம் மேம். நான் தமிழ்ப் பொண்ணா நடிக்கப் போனா ஹீரோயினோட ஃபிரண்டாத்தான் நிக்க வைப்பாங்க.” வகுப்பு சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

இதற்கு எளிய பதில் ஒன்று தயாராக இருக்கிறது. தமிழ்ப் பெண்ணாகத் தமிழச்சிதான் நடிக்க வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போகலாம். எனக்கு அது உவப்பில்லை. ராஜபாளையத்தில் இருந்துகொண்டு யார் அசல் தமிழர் என்று பிறப்பைத் தோண்டுவது அபத்தம். பல தலைமுறைகளாக வீட்டுக்குள் தெலுங்கு பேசும் ராஜுக்களின் ஊர் இது. சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்த பூ. ச. குமாரசாமி ராஜா இந்த ஊர்க்காரர். சினிமாவை எடுத்துக்கொண்டாலும் 1931இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ முழுக்கத் தமிழ்ப் படமே அல்ல. நாடகமேடையிலிருந்து வந்த டி. பி. ராஜலட்சுமி தமிழில் பேச, கூட நடித்தவர் தெலுங்கில் பதில் சொன்னார். அதே ராஜலட்சுமி ஐந்தே ஆண்டுகளில் ‘மிஸ் கமலா’வை இயக்கினார். இலங்கையிலிருந்து வந்த தவமணி தேவி இங்கே நாயகியானார். வெளியிலிருந்து வருவது குற்றமென்றால் நம் சினிமாவில் யார் மிஞ்சுவார்கள்?

அதைவிட, நடிப்பின் சாரமே எல்லை தாண்டுவதுதான். ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரிக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. நந்தவனத்தில் கண்டெடுக்கப்பட்ட ஒரு பெண், இந்த ஊரையே ஆயர்பாடியாகவும் கோயிலை நந்தகோபன் மாளிகையாகவும் பாவித்துத் தன்னை ஓர் இடைச்சியாக்கிக்கொண்டாள். வைணவ மரபில் இதற்கு அநுகாரம் என்று பெயர். நடையும் பேச்சும் மட்டுமல்ல, பால் தயிர்ப் புழங்கும் மேனியின் முடைநாற்றம்கூட அவளுக்கு வந்துவிட்டது என்று அந்த மரபில் சொல்வார்கள். நான் ஒவ்வொரு ஆண்டும் வகுப்பில் நிறுத்தி விளக்குகிற இடம் அது. ஆசாரமான பட்டர் வீட்டில் வளர்ந்தவள் அழகையும் காதலையும் மட்டும் எடுத்துக்கொண்டு வரவில்லை. மற்றவர் மூக்கைப் பொத்துகிற வாசனையையும் ஏற்றுக்கொண்டாள். முதலில் மாறியது அவள் பேச்சு.

ஆனால் அதே கோயிலில் ஆழ்வார் பாசுரங்களை அபிநயிக்கும் உரிமை அரையர்களுக்கு. அவர்கள் ஆண்கள், பரம்பரையாக. முத்துக்குறியில் ஒரே அரையர் தாயாகவும் மகளாகவும் குறி சொல்லும் கட்டுவிச்சியாகவும் மாறுவார். அபாரமான கலை, அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆண்டாளின் ஊரில் ஒரு பெண்ணுக்கு அந்தக் குல்லாயும் தாளமும் கிடையாது என்பதிலும் சந்தேகமில்லை. சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துப் பாய்ஸ் கம்பெனிகளில் சிறுவர்கள் பெண் வேடம் போட்டார்கள். ஔவையாராக நடித்த டி. கே. சண்முகத்துக்கு ‘அவ்வை’ பட்டப்பெயராகவே நிலைத்தது. ஆண் பெண்ணாக மாறினால் கலை என்றோம். மேடையேறிய பெண்ணின் ஒழுக்கத்தைப் பற்றிப் பேசினோம்.

ஆகவே எல்லை தாண்டுவது தவறில்லை. யாருக்குப் பாதை திறந்திருக்கிறது என்பதில்தான் அநீதி இருக்கிறது. வெள்ளைத்தோல் தமிழச்சியாகலாம், மலையாளியாகலாம், இயந்திரமாகவும் ஆகலாம். சத்திரப்பட்டிப் பெண் தானாகக்கூட ஆக முடியாது.

குரலுக்கு வருகிறேன். ‘ஐ’யில் தியாவின் உடல் எமியுடையது, குரல் ரவீணா ரவியுடையது. உடல் மட்டும் எல்லை தாண்டிவிட்டது, பேச்சு தாண்டவில்லை. ஆண்டாளுக்கு நேரெதிர். எமி உழைக்கவில்லை என்று சொல்ல மாட்டேன். பொருள் தெரியாத ஒலிகளை மனப்பாடம் செய்து, உதட்டசைவு பிசகாமல், அழுகையும் சிரிப்பும் சேர்த்து நடிப்பது கடினமான வேலை. ஆனால் அந்த வேலையின் பலனாக ஒரு முழுப் பெண் திரையில் உருவாவதில்லை. இரண்டு பெண்களின் பாதிகள் ஒட்டப்படுகின்றன. சுவரொட்டியில் ஒரு பாதிதான் இடம்பெறும். ரவீணா 2017இல் ‘ஒரு கிடாயின் கருணை மனு’வில் திரைக்கு முன்னால் வந்தார். கிராமத்துப் புதுமணப்பெண்ணாக அவர் பேசியபோது முகமும் குரலும் ஒரே ஆளுக்குச் சொந்தமாக இருந்தன. ஒரு நாயகி சொந்தக் குரலில் பேசுவது நமக்குத் தனியாகக் கவனிக்க வேண்டிய செய்தியாகிவிட்டது, பாருங்கள்.

இரவல் கொடுக்கிறவளுக்கென்று ஒரு குரல் இருப்பதை இந்தத் தொழில் விரும்புவதுமில்லை. பாலியல் துன்புறுத்தல் பற்றி வெளிப்படையாகப் பேசிய சின்மயி 2018 நவம்பரில் டப்பிங் சங்கத்திலிருந்து நீக்கப்பட்டார். சந்தா கட்டவில்லை என்பது சொல்லப்பட்ட காரணம். அதே மாதக் கடைசியில்தான் ‘2.0’ திரைக்கு வந்தது. உதவிக்கென்றே உருவாக்கப்பட்ட இயந்திரப் பெண்ணைத் திரையில் ரசித்தோம்.

வெளிநாட்டில் வேலை பார்க்கும் பெண் என்ற வகையில் எமியைப் பார்க்கும்போது எனக்கு வேறு சிலரும் நினைவுக்கு வருகிறார்கள். எங்கள் பக்கத்து மில்களுக்கு ஒடிசாவிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் பெண்கள் வருகிறார்கள். சூப்பர்வைசரின் அதட்டலிலிருந்தும் பெட்டிக்கடையில் சோப்பு வாங்கும் பேரத்திலிருந்தும் தமிழ் கற்கிறார்கள். பேருந்தில் “அக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க” என்று சுத்தமாகச் சொல்கிறார்கள். யாரும் அவர்களுக்குப் பின்னணிக் குரல் கொடுப்பதில்லை. இத்தனை தமிழ் பேசியும் அவர்கள் ‘வடக்கத்திப் பொண்ணு’தான். ஒரு சொல்லும் சொந்தமாகப் பேசாமல் எமி தியாவாகிவிட்டார்.

இதில் எமியின் பொறுப்பு எவ்வளவு? அறிமுகமானபோது இருபது வயதுகூட நிரம்பாத பெண். வாய்ப்பு வந்தது, ஏற்றுக்கொண்டார். ஓர் அநீதியை உருவாக்குவதும் அதனால் பயனடைவதும் ஒன்றல்ல. பயனடைந்தவர் குற்றவாளி இல்லை என்பதற்காக அவருக்கு அதில் பங்கே இல்லை என்றும் ஆகாது. சம்பளம் அவருக்குப் போனது, அந்த இடம் இன்னொருத்திக்குக் கிடைக்கவில்லை. ஆனால் நாம் வசதியாக நடிகையிடமே நின்றுவிடுகிறோம். அவரது உச்சரிப்பைக் கிண்டல் செய்கிறோம், நடிக்கத் தெரியவில்லை என்கிறோம், உடையைப் பற்றிப் பேசுகிறோம். பாத்திரத்தை எழுதியவர், தேர்ந்தெடுத்தவர், பணம் போட்டவர் என்று ஆண்களின் வரிசை பின்னால் பத்திரமாக நிற்கிறது. வெள்ளைக்காரியையும் பெண் என்பதால்தான் இவ்வளவு சுலபமாகத் திட்ட முடிகிறது. இந்தப் பழக்கத்தைப் பெண்ணியத்தின் பெயரால் நானும் தொடர விரும்பவில்லை.

ஒருமுறை ஆண்டுவிழா நாடகத்துக்கு ஒரு கலெக்டர் துரையின் மனைவி தேவைப்பட்டாள். நல்ல கறுப்பான ஒரு மாணவி கேட்டு வாங்கிக்கொண்டாள். பவுடர் பூசிவிடவா என்று ஒப்பனைக்கு வந்தவர் கேட்டபோது வேண்டாம் என்றுவிட்டாள். கவுனும் தொப்பியுமாக மேடையேறி, “என்ன துரை, டீ ஆறிப்போச்சு” என்று தன் ஊர்த் தமிழில் ஆரம்பித்ததும் அரங்கம் சிரிப்பில் அதிர்ந்தது. அது நகைச்சுவைக் காட்சியல்ல. இரண்டு நிமிடம் போல அவள் காத்திருந்தாள், பிறகு தொடர்ந்தாள். நாடகம் முடியும்போது யாரும் சிரிக்கவில்லை.

‘ஐ’ திரையிட்டபோது தியாவைப் பார்த்து ஏன் யாரும் அப்படிச் சிரிக்கவில்லை என்று அடுத்த வாரம் வகுப்பில் கேட்டேன். பதில்கள் பலவிதமாக வந்தன. “பழகிட்டோம் மேம்” என்றாள் ஒருத்தி. “டப்பிங் நல்லா இருந்துச்சு” என்றாள் இன்னொருத்தி. துரைசானியாக நடித்தவள் மட்டும் வேறொன்று கேட்டாள்: “தியா கேரக்டருக்கு எங்க ஊர்ப் பக்கம் யாரையாவது கூப்பிட்டுப் பாத்திருப்பாங்களா?”