ஹலாலான உணவும் இரக்கமுள்ள உள்ளமும்

எல்லாப் புகழும் அகிலங்களைப் படைத்துப் பரிபாலிக்கும் அல்லாஹ் தஆலாவுக்கே. ஸலவாத்தும் ஸலாமும் அகிலத்தாருக்கெல்லாம் ரஹ்மத்தாக அனுப்பப்பெற்ற நமது நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் மீதும், அவர்களின் குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் உண்டாவதாக.

பெயரிலேயே நெய்யை வைத்திருக்கும் ஊர் நமது நெய்யூர். இங்கும், பக்கத்திலுள்ள தக்கலை, திருவிதாங்கோடு, குளச்சல் போன்ற ஊர்களிலும் இறைச்சியும் மீனும் நெய்ச்சோறும் இல்லாத விருந்தை நாம் விருந்தாக எண்ணுவதில்லை. இப்படிப்பட்ட ஒரு வீட்டில், வெளியூர் சென்று படித்துத் திரும்பிய பிள்ளை ஒன்று, "வாப்பா, இனி எனக்கு இறைச்சி வேண்டாம், பாலும் முட்டையும் தேனும்கூட வேண்டாம்" என்று சொன்னால் என்ன நடக்கும்? உம்மா கண் கலங்குவார். வாப்பா, "அல்லாஹ் ஹலாலாக்கியதை ஹராமாக்க நீ யார்?" என்று கோபிப்பார். பிள்ளையோ, "உயிர்களிடத்தில் இரக்கம் காட்டுவது குற்றமா?" என்று திருப்பிக் கேட்கும். இவ்விருவர் கேள்வியிலும் உண்மை இருக்கிறது. ஆகவே நிதானமாகச் சிந்திக்கக் கடமைப்பட்டுள்ளோம்.

1944-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் டொனால்ட் வாட்சன் என்பவரும் அவர் தோழர்களும் 'வீகன்' என்ற பெயருடன் ஒரு சங்கத்தைத் தொடங்கினார்கள். இறைச்சியை விடுவது மட்டும் போதாது; பால், முட்டை, தேன், தோல் என உயிரினங்களிடமிருந்து பெறும் எதையும் தவிர்க்க வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. பெயர் புதியதே தவிர, எண்ணம் புதியதன்று.

விலக்குவது வேறு, விட்டிருப்பது வேறு

முதலில் மார்க்கச் சட்டத்தைத் தெளிவாக்கிக்கொள்வோம். கால்நடைகளில் நமக்குக் கதகதப்பும் பயன்களும் உணவும் இருப்பதாக அந்நஹ்ல் அத்தியாயம் எடுத்துரைக்கிறது. பாலும் தேனும் அதே அத்தியாயத்தில் அருட்கொடைகளாகச் சொல்லப்பட்டிருக்கின்றன. இவற்றைப் பாவம் என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் எவருக்கும் இல்லை. நாயகம் (ஸல்) அவர்கள் தம் மனைவியரின் பொருட்டு இனித் தேன் அருந்துவதில்லை என்று கூறியபோது, அல்லாஹ் ஆகுமாக்கியதை ஏன் விலக்கிக்கொள்கிறீர் என்று கேட்டு அத்தஹ்ரீம் அத்தியாயத்தின் வசனம் இறங்கியதாக புகாரியில் வந்துள்ளது.

ஆனால் இன்னொரு நிகழ்ச்சியையும் அதே புகாரியில் காண்கிறோம். பொரித்த உடும்பு நாயகம் (ஸல்) அவர்கள் முன் வைக்கப்பட்டது. அவர்கள் கையை எடுத்துக்கொண்டார்கள். இது ஹராமா என்று வினவப்பட்டபோது, இல்லை, தமது ஊரில் வழக்கமில்லாததால் தமக்கு விருப்பமில்லை என்றார்கள். காலித் இப்னு வலீத் (ரலி) அவர்கள் அந்த உடும்பை இழுத்து வைத்து உண்டார்கள். நாயகம் (ஸல்) அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

இதிலிருந்து நாம் பெறும் பாடம் யாதெனில், உண்ணாதவர் உண்பவரைப் பாவி என்று சொல்லக்கூடாது; உண்பவர் உண்ணாதவரை மார்க்கத்தை விட்டுப் போனவராகக் கருதக்கூடாது. ஹலாலை ஹராம் என்பது குற்றம். ஹலாலை ஹலால் என்று ஒப்புக்கொண்டே அதை உண்ணாதிருப்பது குற்றமன்று.

முன் சென்ற இருவர்

சிரியா நாட்டு மஅர்ரா நகரின் கண்பார்வையற்ற அரபுக் கவிஞர் அபுல் அலா அல்மஅர்ரீ (973–1057) பல பத்தாண்டுகள் இறைச்சி, மீன், பால், முட்டை, தேன் யாவற்றையும் விட்டு வாழ்ந்தார். எகிப்திய ஃபாத்திமிய ஆட்சியின் பிரசாரகர் ஒருவர் காரணம் கேட்டுக் கடிதம் எழுதினார். தமது வருவாய் ஆண்டுக்கு இருபது தீனார் சொச்சம்; பணியாளுக்குக் கொடுத்தது போக மிஞ்சுவதற்குப் பருப்பும் பயறுமே போதும் என்றும் அவர் தம் பதிலில் எழுதினார். அவருடைய ஈமானைப் பற்றி உலமாக்கள் பலவாறு பேசியிருக்கிறார்கள். அந்த விவாதம் நமக்கு வேண்டாம். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அரபு மண்ணில் இக்கேள்வி எழுந்திருக்கிறது என்பதே கவனிக்கத்தக்கது.

மற்றவர் தமிழில் உபதேசித்த பாவா முஹையத்தீன் அவர்கள். இலங்கை யாழ்ப்பாணத்தில் ஆசிரமம் அமைத்து ஏழைகளுக்கு உணவளித்த அவர்கள், 1971-இல் அமெரிக்காவின் ஃபிலடெல்ஃபியா நகருக்குச் சென்று, 1986 டிசம்பரில் அங்கேயே மறைந்தார்கள். அவர்கள் பெயரால் அமைந்த சபையின் சமையலறையில் மரக்கறி மட்டுமே ஆக்கப்படுகிறது. குர்பானிக்கு மார்க்கம் விதித்த நிபந்தனைகள் கொலையைக் குறைப்பதற்கே என்று அவர்கள் விளக்கினார்கள். அவர்களின் போதனைகள் அனைத்தையும் ஆராய்வது இங்கே நம் நோக்கமன்று. ஆயினும் அந்தக் கடைசி வார்த்தை சிந்திக்கத்தக்கது.

பிஸ்மில்லாஹ்வின் பொருள்

அறுக்கும்போது அல்லாஹ்வின் பெயரை ஏன் சொல்கிறோம்? இந்த உயிர் எனக்குச் சொந்தமானதன்று. இதைத் தந்தவன் அனுமதித்ததால் மட்டுமே கத்தி வைக்கிறேன் என்பதே அதன் உட்பொருள். அனுமதி என்றால் நிபந்தனையும் உண்டு. கத்தியை நன்கு தீட்டி, பிராணிக்கு வேதனை குறையும்படி அறுக்குமாறு நாயகம் (ஸல்) அவர்கள் ஏவியிருப்பது முஸ்லிமில் உள்ளது. பிராணியின் கண்ணெதிரே கத்தி தீட்டியவரை, அதை இருமுறை கொல்ல விரும்புகிறீரா என்று கண்டித்தார்கள். பசியால் வாட்டி வேலை வாங்கப்பட்ட ஒட்டகம் கண்ணீர் விட்டபோது அதன் தலையைத் தடவிக் கொடுத்து, அதன் உரிமையாளரை அல்லாஹ்வுக்கு அஞ்சும்படி எச்சரித்தார்கள். ஹிஜ்ரி 660-இல் மறைந்த ஷாஃபிஈ இமாம் இஸ்ஸுத்தீன் இப்னு அப்துஸ் ஸலாம் (ரஹ்) அவர்கள், கிழடு தட்டிப் பயனற்றுப்போன பிராணிக்கும் தீனி போடுவது அதன் உரிமை என்றும், குட்டியைத் தாயின் கண்ணெதிரே அறுக்கக்கூடாது என்றும் எழுதிவைத்தார்கள்.

இப்பொழுது நம் பக்கத்து நடப்பைப் பார்ப்போம். களியக்காவிளை வழியாகக் கேரளத்துக்குப் போகும் லாரிகளில் மாடுகள் நெருக்கி நிறுத்தப்பட்டு, தண்ணீரின்றித் தவிப்பதைக் கண்டிருக்கிறோம். கால்நடைகளை ஏற்றிச் செல்வதற்கு மத்திய அரசு 1978-ஆம் ஆண்டிலேயே விதிகள் வகுத்திருக்கிறது. நாயகம் (ஸல்) அவர்களோ அதற்கு நெடுங்காலம் முன்பே வகுத்துவிட்டார்கள். பிராய்லர் கோழியோ நாற்பது நாளில் இரண்டு கிலோ எடைக்கு ஊட்டி வளர்க்கப்பட்டு, தன் எடையைத் தானே சுமக்க மாட்டாமல் கிடந்து, கால் பிடித்துத் தலைகீழாகத் தொங்கியபடி கடைக்கு வருகிறது. காளைக் கன்றுக்குப் பால் எதற்கென்று பட்டினி போட்டு, அது செத்தபின் அதன் தோலில் வைக்கோலைத் திணித்து, தாயின் முன் நிறுத்திக் கறக்கும் கொடுமையும் நம் நாட்டில் உண்டு. மடியில் கன்றுக்குச் சிறிது பாலை விட்டுவைக்கும்படியும், மடி நோகாதிருக்க நகத்தை வெட்டிக்கொண்டு கறக்கும்படியும் கற்பித்த நபியின் உம்மத்தல்லவா நாம்!

கடைசி நிமிடத்தில் சொல்லும் பிஸ்மில்லாஹ், அதற்கு முந்திய நாற்பது நாள் கொடுமையைக் கழுவிவிடும் என்று எண்ணுவது நம்மை நாமே ஏமாற்றிக்கொள்வதாகும். அறுப்பு சட்டப்படி ஹலாலாகலாம். கொடுமைக்கான கேள்வி கணக்கு தனியே நிற்கும். பூனையைக் கட்டிப்போட்டுப் பட்டினியால் சாகவைத்த பெண் நரகம் புகுந்த செய்தி நாம் அறியாததன்று.

நாம் செய்ய வேண்டியது

இறைச்சியும் இரத்தமும் அல்லாஹ்வைச் சென்றடைவதில்லை, நமது தக்வாவே அவனை அடைகிறது என்பது அல்ஹஜ் அத்தியாயத்தின் போதனை. குர்பானி இப்ராஹீம் (அலை) அவர்களின் சுன்னத்து. அதை இகழ்வோர் பேச்சுக்கு நாம் செவிசாய்க்க வேண்டியதில்லை. ஆனால் அன்று ஓர் ஆட்டின் முன் இன்னோர் ஆட்டை அறுக்காதிருப்பது நம் கையில்தான் இருக்கிறது. நாள் தவறாமல் இறைச்சி கேட்கும் நாவை அடக்குவதும் நம் கையில்தான் இருக்கிறது. மதுவுக்கு இருப்பதுபோல் இறைச்சிக்கும் ஓர் அடிமைத்தனம் உண்டென்று உமர் (ரலி) அவர்கள் எச்சரித்ததை இமாம் மாலிக் (ரஹ்) அவர்கள் முவத்தாவில் பதிவு செய்திருக்கிறார்கள். நாயகத்தின் இல்லத்தில் இரு மாதங்கள் அடுப்பெரியாமல், பேரீச்சம் பழமும் தண்ணீருமே உணவாக இருந்ததை ஆயிஷா (ரலி) அன்னையார் கூறியிருக்கிறார்கள். மரச்சீனியும் சக்கையும் பயறும் தேங்காயும் தட்டின்றி விளையும் இந்த மண்ணில், வாரத்தில் சில நாள் அவற்றோடு போதுமாக்கிக்கொள்வது நமக்குக் கடினமா?

இதைவிட வெட்கப்பட வேண்டியது நம் வலீமா விருந்துகள். காரணமின்றிக் கொல்லப்பட்ட சிட்டுக்குருவியும் மறுமையில் முறையிடும் என்றும், அதை உண்ணாமல் எறிந்துவிடுவது அதன் உரிமையைப் பறிப்பது என்றும் ஹதீஸில் வந்திருக்க, இலையோடு சுருட்டிக் குப்பையில் கொட்டும் பிரியாணிக்கு நாம் என்ன பதில் சொல்லப் போகிறோம்?

பெற்றோர்களே! இரக்கத்தால் இறைச்சியை விட்ட பிள்ளையை ஏசாதீர்கள். அதற்கும் ஒரு பயற்றுக் கறி வையுங்கள். பிள்ளைகளே! உம்மாவின் சட்டியை அருவருத்துப் பேசாதீர்கள். கடலை நம்பி வாழும் குளச்சல் மீனவனையும், இரண்டு ஆடு வளர்த்துப் பிழைக்கும் விதவையையும் கொலைகாரராக்காதீர்கள். பூமியில் ஊர்வனவும் பறப்பனவும் நம்மைப்போன்ற சமுதாயங்களே என்று அல்லாஹ் அறிவித்திருக்கிறான். உண்பவரும் உண்ணாதவரும் அந்தச் சமுதாயங்களைப் பற்றி அவனிடம் பதில் சொல்ல வேண்டியவர்களே.

வல்ல நாயன் நம் உணவைத் தூய்மையாகவும், நம் உள்ளங்களை இரக்கமுள்ளவையாகவும் ஆக்கி அருள்வானாக! ஆமீன்.